பெலிசாமி செத்த இடமும் பக்கிரியின் காதும்

பக்கிரியின் காதைத் தேசம்மா மீன் வெட்டும் கத்தியால் அறுத்தாள் என்பதில் மயிலாப்பூருக்கும் அடையாறுக்கும் சண்டையே கிடையாது. அதற்கு அப்புறம் என்ன ஆனது என்பதில்தான் சண்டை. லஸ் பக்கம் கேட்டால், அறுந்த காது உயிருள்ள இறால் மாதிரி மணலில் மூன்று தடவை துள்ளியது என்பார்கள். தி. நகரில் பனகல் பார்க் ஓரம் ஜட்கா நிற்கும் இடத்தில் கேட்டால், செத்துப்போன பெலிசியான் சாமியார் கல்லறையைத் திறந்துகொண்டு வந்து, காதைப் பொறுக்கி, ஒட்டியிருந்த மணலை ஊதி, இருந்த இடத்திலேயே ஒட்டிவிட்டுத் திரும்பப் போய்ப் படுத்துக்கொண்டார் என்பார்கள். அடையாறு பாலத்தைத் தாண்டினால் அறுந்தது இரண்டு காது. இன்னும் கொஞ்சம் தெற்கே போனால் தலையே போய்விடும் என்று பயந்து, கதை கேட்கிறவர்கள் பாலத்தோடு திரும்பிவிடுகிறார்கள்.

கோயிலுக்குப் போகிறவர்களுக்கு இந்தக் கதை ரொம்பப் பிடித்துப்போனதற்குக் காரணம் உண்டு. சேசுநாதரைப் பிடிக்க வந்தவனின் காதை அவர் சீடர் இராயப்பர் வெட்ட, ஆண்டவர் அதைத் தொட்டுக் குணமாக்கினார் என்று பிரசங்கத்தில் கேட்டிருக்கிறார்கள். அதே மாதிரி ஒன்று நம் ஊர் மணலிலும் நடந்திருந்தால் யார் வேண்டாம் என்பார்கள்? பக்கிரி ஒற்றைக் காதோடுதான் திரிகிறான் என்று யாராவது சொன்னால், “அது விசுவாசம் இல்லாதவங்க கண்ணுக்கு அப்படித் தெரியுது” என்று பதில் வரும்.

நடந்தது வேறு. அதை ஒழுங்காகச் சொல்லவேண்டுமானால் காதைக் கொஞ்சம் ஓரமாக வைத்துவிட்டு, மண்டையிலிருந்து தொடங்கவேண்டும்.

மண்டை பெலிசியான் சாமியாருடையது. கப்பலேறி வந்தவர். முப்பது வருஷம் கடலோரக் கோயில்களுக்கெல்லாம் அவர்தான் தலைவர். குப்பத்து வாயில் அவர் பெயர் பெலிசாமி. அவர் தமிழ் படித்தது ஜெபப் புத்தகத்திலிருந்து. அதனால் கடலோரத்தில் ஒருத்தரும் பேசாத ஒரு தமிழைப் பேசுவார். மீன் கூடையோடு நிற்கும் தேசம்மாவைப் பார்த்து, “மகளே, இன்று சமுத்திரம் எத்தன்மையது?” என்பார். “அது கெடக்குது சாமி, கஸ்மாலம். ஒரு சென்னாக்குனி இறா கூட குடுக்கல” என்பாள் அவள். அவருக்குப் பாதி புரியும். புரிந்த பாதிக்குச் சிரிப்பார்.

சாந்தோமுக்குத் தெற்கே, ஆறு கடலில் கலக்கிற இடத்துக்கு முன்னால், பக்கத்தில் பக்கத்தில் இரண்டு குப்பம். வடக்குக் குப்பம் பக்கிரியுடையது. தெற்குக் குப்பம் தேசம்மாவின் புருசன் மாசிலாமணியுடையது. நாற்பத்தியொன்றாம் வருஷம் மாசி மாசம், தெற்கத்தியார் போட்ட கரைவலையை வடக்கத்தியார் யாரோ அறுத்துவிட்டார்கள். ஒரு வலை என்பது இருபது குடும்பத்துக்குச் சோறு. காலை வெயில் ஏறுவதற்குள் இரண்டு குப்பத்து ஆண்களும் துடுப்போடு மணலில் நின்றார்கள்.

துடுப்பு தண்ணீரில் போனால் ஒரு சத்தம், எலும்பில் போனால் ஒரு சத்தம். அன்றைக்கு இரண்டாவது சத்தம்தான். ஒருவன் முழங்கால் பின்பக்கமாக மடங்கியது. ஒருவன் தாடையைக் கையில் தாங்கிக்கொண்டு கடலுக்குள்ளேயே ஓடினான். மாசிலாமணியை இரண்டு பேர் கீழே தள்ளி, ஒருவன் நெஞ்சில் குந்திக்கொள்ள இன்னொருவன் அவன் வலது கையை மிதித்து மிதித்து விரல்களை உடைத்துக்கொண்டிருந்தான். கரையிலிருந்து கூடையைப் போட்டுவிட்டு ஓடிவந்த தேசம்மா பார்த்தது அதைத்தான். தன் புருசன், மணலில், மல்லாந்து, கையில் துடுப்பு இல்லாமல். அந்தக் காட்சியை அவள் மறக்கவே இல்லை. அவளுக்கு இருந்த சொத்து அது ஒன்றுதான்.

அப்போதுதான் பெலிசாமி வெள்ளை அங்கியோடு நடுவில் புகுந்தார். இரண்டு கையையும் விரித்து, “நிறுத்துங்கள், என் பிள்ளைகாள்!” என்று ஒரு தடவை சொன்னார். இரண்டாவது தடவை சொல்வதற்குள் பின்னாலிருந்து வந்த ஒரு துடுப்பு உச்சந்தலையில் இறங்கியது. இளநீர் சீவின மாதிரி இருந்தது சத்தம். முட்டி போட்டார். அப்படியே சரிந்தார். பக்கத்தில் நின்ற பக்கிரி குந்தி, அவர் தலையை மடியில் வாங்கிக்கொண்டான். அவர் உதடு அசைந்தது. “மாசில்லா…” என்று வந்தது. அதற்கு மேல் வாயில் ரத்தம்தான் வந்தது.

சுற்றி நின்ற நாலைந்து பேருக்கும் அந்த ஒரு சொல் கேட்டது. பக்கிரி தலையைத் தூக்கி, இரண்டு குப்பத்துக்கும் கேட்கிற மாதிரி கத்தினான்.

“மாசிலாமணி! சாமி பேரு சொல்லிட்டாரு! மாசிலாமணின்னாரு!”

சாகிறவர் பொய் சொல்லமாட்டார், அதிலும் சாமியார். போலீஸ் அதற்கு மரண வாக்குமூலம் என்று பெயர் வைத்தது. மாசிலாமணியை ஏழு நாள் வைத்து விசாரித்தார்கள். உடைந்த விரல்களிலேயே நகத்தைப் பிடுங்கினார்கள், புதிதாக ஒரு விரலை எடுத்துக்கொள்ளும் சிரமம் இல்லாமல். பத்து வருஷம் கடுங்காவல், வேலூர் ஜெயில்.

“நான் பார்த்தேன், எம் புருசன் கீழ கெடந்தான்” என்று தேசம்மா கோர்ட்டில் கத்தினாள். பெண்டாட்டி வேறு எப்படிச் சொல்வாள் என்று வக்கீல் கேட்டார். எல்லோரும் சிரித்தார்கள். அவளோடு அந்த மணலில் நின்ற சொந்தக் குப்பத்து ஆட்கள் கூட தலையைக் குனிந்துகொண்டார்கள். சாமியாரே சொன்ன பிறகு நாம் யார் என்று அவர்களுக்கு.

அதன்பிறகு அவள் வீட்டுக்குப் பெயர் ‘சாமியைக் கொன்னவன் வீடு’. மீன் ஏலத்தில் அவள் கை தூக்கினால் கண்ணுக்குத் தெரியாது. கோயிலில் அவள் குந்தின பாயில் வேறு யாரும் குந்தமாட்டார்கள்.

நாற்பத்திமூன்றில் பட்டணம் முழுக்கப் பட்டாளத்துக்காரர்கள். அவர்களில் கோயிலுக்குப் போகிறவர்களும் உண்டு. பெலிசாமி கல்லறையில் மெழுகுவத்தி ஏற்றிய ஒரு சிப்பாய்க்கு மலேரியா நின்றது என்று ஒரு பேச்சு கிளம்பியது. மறு மாசத்திலிருந்து தூத்துக்குடி, நாகப்பட்டினம், பெங்களூர் என்று ஆட்கள் வர ஆரம்பித்தார்கள். வருகிறவர்களுக்குச் சாமியார் இருந்த இடம், நடந்த இடம், விழுந்த இடம் எல்லாம் பார்க்கவேண்டும். காட்டுவதற்கு ஒரு ஆள் வேண்டாமா? யார் மடியில் சாமியாரின் உயிர் போனதோ அவனைவிடத் தகுதியான ஆள் உண்டா? பக்கிரி கடலுக்குப் போவதை விட்டான். கழுத்தில் ஒரு பெரிய ஜெபமாலை போட்டுக்கொண்டான். மெஹபூப் அலியின் ஜட்காவைப் பேசி வைத்தான்.

மெஹபூப் அலிக்கு ஐம்பது வயசு. குல்ஷன் என்று ஒரு வெள்ளைக் குதிரை வைத்திருந்தார். இரண்டு பேருக்கும் பல் கொஞ்சம் நீளம். சுற்று லஸ்ஸில் காட்டுக்கோயில் என்கிற மாதா கோயிலிலிருந்து தொடங்கும். பக்கத்துச் சந்தில், சாமியார் வந்த புதிதில் குடியிருந்த வீடு. இப்போது அதில் ஓர் அய்யங்கார் குடும்பம். வாசலில் கூட்டம் சேர்ந்தாலே அந்த வீட்டு மாமி வெளியே வந்துவிடுவாள்.

“கொடியில மடித்துணி காயறது, யாரும் இடிச்சுண்டு நிக்காதேள்! தினம் இதே கூத்து. அவர் இந்த ஆத்துல ஆறு மாசந்தான் இருந்தார். நாங்க பதினாலு வருஷமா இருக்கோம், எங்களை யாராவது பாக்க வரேளா?”

அங்கிருந்து தி. நகர். வாந்திபேதி வந்த வருஷம் சாமியார் கொட்டகை போட்ட காலி இடம். பிறகு அடையாறு பாலம். வெள்ளத்தில் போன ஒரு பெண்ணை அங்கியோடு குதித்து இழுத்து வந்த இடம். கடைசியில் குப்பத்து மணல். அங்கேதான் பக்கிரிக்கு உயிர் வரும். கையில் ஒரு துடுப்பு வைத்திருப்பான். சாமியாரைக் கொன்ற அதே துடுப்பு. வெள்ளைக்காரச் சிப்பாய்கள் வந்தால் இங்கிலீஷ்.

“திஸ் துடுப்பு, சார். மாசிலாமணி, வெரி பேட் மேன். பேக் சைட் கம்மிங். ஃபாதர் ஹெட், டமால்! பிளட், பிளட், ஆல் பிளட். ஃபாதர் பினிஷ். திஸ் லேப், சார், மை லேப்!”

சிப்பாய்கள் குனிந்து அவன் மடியைத் தொட்டுக் கும்பிடுவார்கள். ஊர்ப் பெண்கள் கைக்குட்டையை அவன் மடியில் ஒற்றி எடுத்துப் போவார்கள். சில சிப்பாய்கள் துடுப்பையே விலைக்குக் கேட்பார்கள். பக்கிரி கண்ணில் தண்ணீரோடு கொடுத்துவிடுவான். மறுநாள் கையில் அதே துடுப்பு இருக்கும். சாமியாரைக் கொன்ற துடுப்பு இன்றைக்கு ஏழெட்டு தேசத்தில் சுவரில் தொங்கிக்கொண்டிருக்கும்.

தேசம்மா தலையில் மீன் கூடையோடு ஜட்காவுக்குப் பின்னாலேயே நடப்பாள். லஸ்ஸில் வாயைத் திறக்கமாட்டாள், பாலத்தில் திறக்கமாட்டாள். மணலில் அவன் புருசன் பெயரைச் சொன்னதும் கத்துவாள்.

“பொய்! எம் புருசன் அடிக்கல! அவன் கீழ கெடந்தான்! இந்தப் பொறம்போக்கு சொல்றது பொய்!”

“மேட் லேடி, சார்” என்று பக்கிரி நெற்றியில் விரலைச் சுழற்றிக் காட்டுவான். சிப்பாய்கள் அவளுக்கும் சில்லறை போடுவார்கள். அதுதான் அவளுக்கு எல்லாவற்றையும்விட எரியும்.

நாற்பத்திநாலில் ஒருநாள், கூட்டம் கலைந்து போனதும், பக்கிரி திரும்பி வந்தான். அவள் கூடையை எட்டி உதைத்தான். சங்கரா மீன்கள் மணலில் உருண்டன.

“இன்னாடி, எம் பொழப்புல மண்ணு போட்றியா? வாய் இருந்தாத்தானே கத்துவ?”

துடுப்பின் கைப்பிடிப் பக்கத்தை அவள் வாயில் குத்தினான். ஒரே குத்து. கீழ் உதடு இரண்டாகப் பிளந்தது. அவள் மல்லாந்து விழுந்தபோது வயிற்றில் காலை வைத்து இன்னொரு தடவை ஓங்கினான். குதிரைக்குத் தண்ணீர் காட்டிக்கொண்டிருந்த மெஹபூப் அலி சாட்டையோடு ஓடிவந்தார்.

“அரே, பொம்பளைடா! நைனா, வுட்டுடு, செத்துப்பூடும்!”

பக்கிரி காறித் துப்பிவிட்டுப் போனான். தேசம்மா எழுந்து, மணலில் கையால் துழாவி, இரண்டு முன் பல்லையும் தேடி எடுத்தாள். கடலில் கழுவி முந்தானையில் முடிந்துகொண்டாள். பிறகு மீனைப் பொறுக்கிக் கழுவினாள். அன்றைக்கு அவளிடம் மீன் வாங்கினவர்கள் ரத்தம் மீனுடையது என்று நினைத்துக்கொண்டார்கள்.

வருஷத்துக்கு ஒருமுறை வேலூருக்குப் போய்ப் புருசனைப் பார்ப்பாள். கம்பிக்கு அந்தப் பக்கம் மாசிலாமணி பாதி ஆளாகியிருந்தான். விரல்கள் கோணலாகச் சேர்ந்துபோயிருந்தன. அவள் வாயைத்தான் முதலில் பார்த்தான்.

“பல்லு எங்க தேசு?”

“கருவாடு கடிச்சேன்.”

“கருவாட்டுக்கு இன்னா பேரு, பக்கிரியா?”

அவள் சிரிக்கப் பார்த்தாள். உதடு இழுத்தது. அவன் கம்பியில் நெற்றியை வைத்துக்கொண்டு மெதுவாகச் சொன்னான்.

“நான் வெளிய வர்றது பெரிசில்ல. அந்த மணல்ல எவன் எவனோ வந்து நின்னு எம் பேரைக் கேட்டுட்டுக் காறித் துப்பிட்டுப் போறான். அதே மணல்ல நின்னுகினு ஒரு ஆளாவது, மாசிலாமணி அடிக்கலன்னு சொல்லணும். மத்தவங்க கேக்கணும். நான் செத்தப்பறம் சொன்னாலும் பரவால்ல.”

“நான் சொல்லிகினுதான் கீறேன்.”

“நீ சொன்னா யார் கேக்குறா? எனக்குத் தெரியாதா? நீ எம் பொண்டாட்டி.”

ரயிலில் திரும்பி வரும்போது பூரா அவள் அதையே மென்றுகொண்டு வந்தாள். தன் வாயால் சொன்னால் பைத்தியம். வேறு எவன் வாயால் சொல்லவைப்பது?

வழி பக்கிரியின் வாயிலேயே இருந்தது. அவன் கதையை ஒரே மாதிரி சொல்லுகிற ஆள் இல்லை. வாரத்துக்கு ஒரு மசாலா சேர்ப்பான். முதலில் சாமியார் சும்மா செத்தார். பிறகு வானத்தில் ஒரு வெளிச்சம் வந்தது. பிறகு கடல் ஒரு நிமிஷம் அலை அடிக்காமல் நின்றது. நாற்பத்தியைந்தாம் வருஷம் கோடையில் ஒருநாள் பகல், தேசம்மா லஸ்ஸில் ஜட்கா வண்டிக்குப் பக்கத்தில் கூடையை இறக்கி வைத்தபோது, மெஹபூப் அலி சிரித்துக்கொண்டே குல்ஷனுக்குப் புல் போட்டுக்கொண்டிருந்தார்.

“இன்னா பாய், குதிரையோட டமாசா?”

“உன் தோஸ்த் பக்கிரியாலதான் அக்கா. நேத்து நீ வரல, திருச்சி கோஷ்டி. பூரா பொம்பளைங்க. சொம்மா டமால்னு செத்தாருன்னா அதுங்க அழுவுமா? புச்சா ஒண்ணு எடுத்து வுட்டான் பாரு! சாமியாரு அவன் மடியில படுத்துகினு, ரெண்டு கையும் கூப்பி, ‘மாசில்லா மாதாவே, என் புள்ளைங்களை மன்னியும்’னாராம். அப்பறம் கண்ணை மூடினாராம். அவ்ளோதான், எல்லாம் ஓன்னு ஒரே அழுகை. குல்ஷனே அழுதுட்ச்சி.”

தேசம்மா கையிலிருந்த மீனை அப்படியே பிடித்துக்கொண்டு நின்றாள்.

“இன்னாது? இன்னொரு தபா சொல்லு.”

“குல்ஷன் அழுதுட்ச்சி.”

“அத்த இல்ல பாய்! சாமி இன்னா சொன்னாருன்னான்?”

“மாசில்லா மாதாவே…”

அவர் பாதியில் நிறுத்தினார். அவருக்கும் எங்கேயோ மணி அடித்தது. ஜெபப் புத்தகத் தமிழில் பேசுகிற ஒரு மனுஷன், தலை பிளந்து கிடக்கும்போது யாரைக் கூப்பிடுவான்? கன்னி மாதாவைக் கூப்பிடுவான். மாசில்லாத மாதாவே என்று தொடங்குவான். தொடங்கினதோடு மூச்சுப் போய்விட்டால், மிச்சம் நிற்பது ‘மாசில்லா’. வடக்குக் குப்பமும் தெற்குக் குப்பமும் அடித்துக்கொண்டிருக்கிற மணலில் அதைக் கேட்கிறவன் காதில் அது மாதாவாகவா விழும்?

“யா அல்லா” என்றார் மெஹபூப் அலி. “மாதாவைக் கூப்ட்டதுக்கா ஒருத்தனைப் புடிச்சு ஜெயில்ல போட்டானுங்க?”

தேசம்மா அழவில்லை. மீனைக் கூடையில் போட்டாள். “பாய், உன் வண்டியில தமிழ் தெரிஞ்ச பெரிய மனுசன் எவனாச்சும் ஏறினா எனக்குச் சொல்லு. துரைங்க வேணாம். போலீசு, வக்கீல், யாரானாலும் சரி. அவன் சொன்னா நாலு பேர் கேக்கணும்.”

இரண்டு மாசம் அவள் ஜட்காவுக்குப் பின்னால் நடக்கவில்லை. பல்லோடு கொழுப்பும் போய்விட்டது என்று பக்கிரி எல்லோரிடமும் சொல்லிக்கொண்டான்.

ஆவணி மாசம் ஒரு சனிக்கிழமை, திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து ஒரு கோஷ்டி வந்தது. அதில் அய்யாதுரை என்று ஒருவர். முப்பது வருஷம் போலீசில் இருந்து ஹெட் கான்ஸ்டபிளாக ஓய்வு பெற்றவர். பேத்திக்கு வலிப்பு நின்றதற்காக நேர்ச்சை செலுத்த வந்திருந்தார். மீசை ஒரு பக்கத்துக்கு ஒரு சாண். மெஹபூப் அலி லஸ்ஸிலேயே அந்த மீசையைப் பார்த்து, வழியில் எதிர்ப்பட்ட மீன்காரி ஒருத்தியிடம் சேதி சொல்லி அனுப்பிவிட்டார். ஜட்கா மணலுக்கு வந்தபோது, முக்காடு போட்ட ஒரு பெண் கூடையை இறக்கி வைத்துவிட்டுக் கூட்டத்தின் பின்னால் நின்றாள்.

பக்கிரி துடுப்பைத் தூக்கினான். மாசிலாமணி பின்னாலிருந்து வந்தான், டமால் என்றான். குந்தினான். மடியைக் காட்டினான். கையைக் கூப்பி, கண்ணை மேலே சொருகி, “மாசில்லா மாதாவே, என் பிள்ளைகளை மன்னியும்!” என்றான். பெண்கள் மூக்கைச் சிந்தினார்கள்.

பின்னாலிருந்து முக்காட்டுக் குரல் கேட்டது. “அண்ணே, சாமியாரு கடைசியா சொன்னது அதானா?”

“அதாம்மா. அத்தோட கண்ணை மூடிட்டாரு.”

“அதுக்கப்பறம் ஒண்ணும் சொல்லலியா?”

“இல்லம்மா. எம் மடி, எனக்குத் தெரியாதா?”

“அதுக்கு முன்ன?”

“அடி பட்டு வுந்தவரு வேற இன்னா பேசுவாரு? அது ஒண்ணுதான்.”

முக்காடு விலகியது. “அப்ப மாசிலாமணின்னு எம் புருசன் பேரை எப்படா சொன்னாரு?”

பக்கிரி பக்கத்தில் கிடந்த துடுப்பை எடுத்துக்கொண்டு எழுந்தான். அய்யாதுரை மீசையை ஒரு தடவை தடவிக்கொண்டார்.

“எய்யா, நில்லும்வே. நான் இந்தக் கேசை அப்பமே பேப்பர்ல வாசிச்சிருக்கேன். செத்தவரு பேரைச் சொன்னாருன்னு சாட்சி சொன்னது நீருதானே? இப்ப ஜெபம் சொன்னாருங்கீரு. கடைசி வார்த்தைன்னா ஒண்ணுதானவே இருக்கும்? அது ஜெபமா, பேரா?”

பக்கிரிக்கு வாய்ப்பேச்சு தீர்ந்தால் கைதான் பேசும். துடுப்பைச் சுழற்றித் தேசம்மாவின் தோளில் இறக்கினான். எலும்பு முறிகிற சத்தம் ஜட்கா வரை கேட்டது. இன்னொரு அடி முதுகில். மூன்றாவது அடிக்கு ஓங்கியபோது அவள் அவன்மேல் பாய்ந்தாள். இரண்டு பேரும் கூடைமேல் விழுந்தார்கள். மீனும் கத்தியும் மணலில் சிதறின. உருண்டார்கள். பக்கிரி அலறினான். அது ஆம்பளைக் குரல் மாதிரியே இல்லை. ரத்தம் கழுத்து வழியாக ஜெபமாலையில் வழிந்து மணியெல்லாம் சிவப்பானது.

“அக்கா, வுட்டுடு!” என்றார் மெஹபூப் அலி.

அவள் பதில் சொல்லவில்லை. “ம்ம்” என்று மட்டும் ஒரு சத்தம் வந்தது.

“தாயி, கொஞ்சம் பொறு” என்று அய்யாதுரை பக்கத்தில் குந்தினார். முப்பது வருஷப் பழக்கம், விசாரணைக்கு இது நல்ல நேரம் என்று அவருக்குத் தெரிந்துவிட்டது. “ஏலே, சொல்லு. சாமியார் என்னல சொன்னாரு?”

“அய்யோ… வுடச் சொல்லு! மாசில்லான்னாரு! அவ்ளோதான் சொன்னாரு!”

“பேரு?”

“மணியை நான்தான் சேத்தேன்! மாசில்லான்னு நின்னுட்ச்சி, மணியை நான் சேத்தேன்! அம்மா, வுடுடி!”

“ஏம்ல சேர்த்த?”

“என் துடுப்பு! என் துடுப்புதான் பட்ச்சி! அவரு குறுக்க வந்துட்டாரு, நான் பார்க்கல, சத்தியமா பார்க்கல…”

அய்யாதுரை தலையாட்டினார். அதற்கு அப்புறம்தான் நாலு பேர் சேர்ந்து அவளை இழுத்தார்கள். பக்கிரி இடது பக்கத்தைப் பொத்திக்கொண்டு எழுந்தான். பொத்தின இடத்தில் காது இல்லை. பக்கத்தில் மீன் கத்தி கிடந்தது, அதன் மேலும் ரத்தம். பார்த்தவர்கள் இரண்டையும் கூட்டிக் கணக்குப் போட்டுக்கொண்டார்கள்.

காதுக்குத் தேசம்மாவுக்கு மூன்று மாசம் கிடைத்தது. போலீஸ் எழுத்தில் ‘கூர்மையான ஆயுதம்’ என்று இருந்தது. அது தப்பில்லை. மாஜிஸ்திரேட் ஏதாவது சொல்ல வேண்டுமா என்று கேட்டபோது, மணியைப் பற்றிச் சொன்னாள். அது இந்தக் கேஸ் இல்லை என்றார் அவர்.

பக்கிரி போலீசில் எல்லாவற்றையும் மறுத்தான். வலியில் உளறினேன் என்றான். அய்யாதுரை நாலு மனு எழுதினார். இரண்டுக்குப் பதிலே இல்லை. மற்ற இரண்டுக்கும் ‘பரிசீலனையில் உள்ளது’ என்று வந்தது. கடைசியில் நாற்பத்தியேழில், சுதந்திரம் வந்த மாசம், விடுதலை செய்யப்பட்டவர்கள் பட்டியலில் மாசிலாமணியின் பெயரும் இருந்தது. அவன் குற்றம் செய்யவில்லை என்று அதில் எழுதவில்லை. நன்னடத்தை என்று எழுதியிருந்தார்கள்.

காகிதத்தில் வராதது மணலில் வந்தது. திருநெல்வேலிக் கோஷ்டி ஊருக்குப் போய்ச் சொன்னதிலிருந்து, வருகிறவர்கள் எல்லாம் மீன்காரியைத்தான் கேட்டார்கள். மெஹபூப் அலி முன் பலகையில் அவளுக்கு இடம் விட்டார். தோள் ஒரு பக்கம் இறங்கி, பல் இரண்டு இல்லாமல், அவள்தான் இப்போது பெலிசாமியின் சுற்றைக் காட்டுகிறாள். மாமி வீடு, தி. நகர்க் காலி இடம், அடையாறு பாலம், பிறகு மணல். துடுப்பு வைத்துக்கொள்வதில்லை. வெளிச்சம், நின்ற அலை எதுவும் கிடையாது. “இங்க வுந்தாரு. மாதாவைக் கூப்ட்டாரு. முழுசா கூப்ட வுடல. மாசிலாமணி அடிக்கல” என்பாள். மாசிலாமணி பத்தடி தள்ளிக் கோணல் விரலால் வலை பின்னிக்கொண்டிருப்பான். தலையைத் தூக்கமாட்டான். ஒவ்வொரு தடவையும் அந்தக் கடைசி வார்த்தைக்கு மட்டும் ஊசி ஒரு நிமிஷம் நிற்கும்.

போன மாசம் நாகப்பட்டினத்திலிருந்து வந்த ஒரு பருத்த அம்மாள், எல்லாம் கேட்டு முடித்து, கையில் மெழுகுவத்தியோடு மெல்ல அவள் பக்கத்தில் வந்தாள்.

“ஏங்க, நீங்க கத்தியால அந்தாளு காதை அறுத்தீங்களாம்ல? சாமியார் எந்திரிச்சு வந்து ஒட்ட வெச்சாராம்ல? அந்த இடத்தைக் காட்ட மாட்டீங்களா?”

மாசிலாமணி தலையைத் தூக்கிப் பார்த்தான். மெஹபூப் அலி குதிரைக்குப் பின்னால் போய் நின்றுகொண்டார். தேசம்மா இடுப்பில் கை வைத்துக்கொண்டு அந்த அம்மாளை ஏற இறங்கப் பார்த்தாள்.

“கத்தியா? அது மீன் வெட்ற கத்திம்மா. அத்தால பக்கிரி காதை அறுத்தா, அப்பறம் அத்தால வெட்ன மீனை எவ துன்னுவா? சாமியும் எந்திரிக்கல, ஒட்டவும் இல்ல. காதைக் காக்கா தூக்கினு பூட்ச்சி, பாயைக் கேளு. ரெண்டு பல்லைத்தான் ஒடச்சான் அந்தக் கஸ்மாலம், மீதியை எண்ணாம வுட்டுட்டான். கடிச்சேன்.”